மலையில் இன்னும் போன மாதம்

இரண்டு ஓரங்களிலும் வரிசையாகத் துளையிட்ட, ஒரு பட்டை பச்சையும் ஒரு பட்டை வெள்ளையுமாக ஓடும் நீளக் காகிதம் அது. தினமும் காலை பத்தேகாலுக்கு எங்கள் கள்ளக்குறிச்சி அலுவலகத்தின் அச்சுப்பொறி, தகரத்தை அறுப்பது போன்ற சத்தத்துடன் அதை வெளியே தள்ளும். முந்தைய நாளுக்குப் பிறகு பதிவேட்டில் என்னென்ன மாறியிருக்கிறது என்பதற்கான பட்டியல். அந்த வாரம் முழுவதும் பட்டியலில் ஒரு வரி மட்டும் மாறாமல் வந்தது. ஒரு பதிவு எண், வெள்ளிமலைக்குப் பக்கத்தில் ஒரு சிற்றூர், ஒரு பெண்ணின் பெயர், எதிரே 'இறப்பு' என்ற சொல். அந்தச் சொல்லுக்கு உரியவர் எனக்கு நாலடி தள்ளி பெஞ்சில் உட்கார்ந்து வெற்றிலை மென்றுகொண்டிருந்தார்.

நான் அப்போது கண்காணிப்பாளர். எந்தத் துறை என்று சொல்லப்போவதில்லை. ஓய்வுபெற்றவனுக்கும் நடத்தை விதிகள் உண்டு, அவை எந்தப் பக்கத்தில் இருக்கின்றன என்பதும் எனக்குத் தெரியும். கல்வராயன் மலைக் கிராமங்களில் யார் பெயரில் எந்த நிலம் இருக்கிறது என்ற பதிவேடு எங்கள் பிரிவில் இருந்தது. அதைக் கணினியில் ஏற்றி ஆறேழு வருடமாகியிருந்தது. கறுப்புத் திரையில் பச்சை எழுத்து ஒளிரும் யூனிக்ஸ் இயந்திரம் எங்களுடையது. வெள்ளிமலையில் இருந்த கிளை அலுவலகத்துக்குப் பிற்பாடு வந்தது விண்டோஸ். ஒன்றின் பேச்சு இன்னொன்றுக்குப் புரியாது. அதனால் மலைப் பதிவுகள் பிளாப்பி தகட்டில் ஏறி, தகடு மலைப் பேருந்தில் ஏறி, கண்டக்டரின் பையில் சில்லறையோடு கீழே வரும். வழியில் சூடு பட்டு வளைந்த தகடுகளை நிராகரிக்க நான் தனியாக ஒரு படிவம் வைத்திருந்தேன்.

இந்த அவஸ்தையைத் தீர்க்க ஒப்பந்தத்தில் வந்தவர் களமருதூர்க்காரப் பெண் ஒருவர். முப்பது முப்பத்தைந்து வயது இருக்கும். அலுவலகத்தில் எல்லோரும் நெட்வொர்க் மேடம் என்றே அழைத்தோம். இரண்டு இயந்திரங்களுக்கும் நடுவில் லினக்ஸ் ஓடும் மூன்றாவது இயந்திரம் ஒன்றை வைத்தார். அது இரண்டு பேரின் பேச்சும் தெரிந்த தரகர். காலை பத்து மணிக்குத் தொலைபேசி இணைப்பு எடுக்கும், மோடம் ஒருமுறை நீளமாகக் கூவும். மலைப் பதிவேடும் கீழ்ப் பதிவேடும் ஒன்றுக்கொன்று சரிபார்த்துக்கொள்ளும். ஒரே பதிவு இரண்டு இடத்திலும் வேறு வேறாக இருந்தால் எது பிந்திய தேதியில் எழுதப்பட்டதோ அதுவே நிற்கும், முந்தியது அழியும். இந்த விதியைக் கேட்டபோது எனக்கு மிகவும் பிடித்திருந்தது. அரசாணைகளும் அப்படித்தான்.

பெஞ்சில் உட்கார்ந்திருந்த அந்த அம்மா விதவை. பிள்ளை இல்லை. சாமை விளையும் இரண்டு துண்டு நிலம் அவர் பெயரில் இருந்தது. பதிவேட்டின்படி வயது எழுபத்தெட்டு. பார்த்தால் அறுபது சொல்லலாம். மலையில் வயதை எழுதியவர்கள் கண்ணளவில்தான் எழுதினார்கள். அதே ஊரில் அதே பெயரில் இன்னொரு பெண் இறந்துபோக, எங்கள் பிரிவில் யாரோ இவருடைய வரியில் இறப்பு என்று குறித்துவிட்டார்கள். குறித்த கையோடு இவருடைய கொழுந்தன் மனுப் போட்டான். அண்ணி இறந்துவிட்டார், நிலத்தை வாரிசு என்ற முறையில் என் பெயருக்கு மாற்ற வேண்டும் என்று. தவறான வரியைக் குறிக்க அவன் யாரையாவது பார்த்தானா என்று எனக்குத் தெரியாது. அதைக் கேட்பதற்குப் படிவம் இல்லை. விசாரணை வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்கு. அன்று கோப்பில் வைக்கப்படும் கணினி நகலில் அவர் இறந்தவராக இருந்தால் நிலம் போய்விடும். மேல்முறையீடு உண்டுதான், ஆனால் இறந்தவர்கள் மேல்முறையீடு செய்ய வழியில்லை.

'நீங்களே திருத்திவிடலாமே, ஆள் எதிரில் இருக்கிறாரே' என்று வாசிப்பவர்கள் நினைக்கலாம். அப்படி முடியாது. மலைவாசி ஒருவரின் இருப்பை, களவிசாரணை செய்து, மலை அலுவலகம்தான் பதிய வேண்டும் என்பது விதி. என் எதிரில் உட்கார்ந்திருப்பவர் உயிரோடு இருக்கிறார் என்பதற்கு நான் சாட்சியாக முடியாது. இதை அவரிடம் பொறுமையாக விளக்கினேன். அவரும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். மலை அலுவலக எழுத்தர் வீட்டுக்கே போய் விசாரித்து, அன்று பிற்பகலே 'உயிருடன்' என்று பதிந்துவிட்டதாகத் தொலைபேசியில் சொன்னார். மறுநாள் காலை மோடம் கூவியது. அச்சுப்பொறி அறுத்தது. இறப்பு.

பிற்பகலில் மலையில் உயிர் கொடுப்பார்கள். காலை பத்து மணிக்குக் கீழே இறந்துவிடுவார். வெள்ளிமலையிலிருந்து முதல் பேருந்தில் இறங்கி வந்து பெஞ்சில் உட்கார்ந்து, காகிதம் வெளியே வரும்வரை அவர் பேசுவதில்லை. வந்ததும் கேட்பார்.

"இன்னிக்கும் செத்துட்டனா சாமி?"

"இன்னும் சரியாகலைம்மா. நாளைக்குப் பாப்போம்."

மூன்றாம் நாள் அவரே வேறொன்றைச் சொன்னார். கொழுந்தன் எங்கள் கணினி நகலை ஊரில் காட்டியிருக்கிறான். காகிதத்தில் இறந்தவளுக்குக் காரியம் செய்யாமல் விட்டால் ஊருக்கு ஆகாது என்று பெரியவர்கள் முடிவு செய்திருக்கிறார்கள்.

"எம் பேர்ல கருமாதி பண்ணி ஊரைக் கூட்டிச் சோறு போட்டான் சாமி. எனக்கும் எல போட்டாங்க."

"நீங்க போனீங்களா?"

"பசிச்சிது. போயி துன்னுட்டு வந்தேன். செத்தவளுக்குன்னு ஆக்கின சோறுதானே, எனக்கில்லாத உரிமையா?"

அலுவலகமே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. தண்ணீர் எடுக்கப் போனால் மற்றப் பெண்கள் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஒதுங்குகிறார்கள் என்றார். பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லையாம். மறுநாள் காலை எங்கள் எழுத்தர்களும் அந்தப் பெஞ்சைச் சுற்றிக்கொண்டு நடப்பதைக் கவனித்தேன். யாரும் சொல்லிச் செய்ததல்ல. அவர் மனுவின் நகலை என்னிடம் நீட்டியபோது, வாங்குகிற சாக்கில் என் விரல் அவர் கையில் பட்டது. வெதுவெதுப்பாக இருந்தது. வெதுவெதுப்பாக இருக்கிறதா என்று நான் பார்த்திருக்கிறேன் என்பது அப்புறம்தான் உறைத்தது. முதுநிலைப் பட்டம் பெற்று, துறைத் தேர்வுகள் எல்லாவற்றிலும் முதல் முயற்சியில் தேறியவன் நான்.

நெட்வொர்க் மேடம் முதலில் நேர வித்தியாசத்தைப் பிடித்தார். எங்கள் பழைய இயந்திரம் நேரத்தை இங்கிலாந்துக் கணக்கில் உள்ளே வைத்திருந்தது. மலை இயந்திரம் நம் ஊர் நேரத்தில். ஐந்தரை மணி நேரம் இடிக்கிறது, அதுதான் கோளாறு என்று அதைச் சரிசெய்தார். மறுநாளும் இறப்பு. பிறகு, பத்து மணிக்கு உள்ளே வந்து எழுதுவது யார் என்று தேடினார். தேடிவிட்டு என் மேசைக்கு வந்தபோது அவர் முகம் சரியாக இல்லை.

"சூப்ரண்ட் சார், இந்தம்மாவ தினமும் சாவடிக்கிறது யாருன்னு பாத்தேன். இந்த ஆளு எந்த செக்‌ஷன் சார்?"

அவர் நீட்டிய சீட்டில் எழுதியிருந்த பயனர் பெயரைப் பார்த்தேன். எங்கள் பழைய ஆபரேட்டர். மூன்று வருடம் முன்பு, பணியில் இருக்கும்போதே மாரடைப்பில் போனவர். அலுவலகத்தின் சார்பில் மாலை போட்டது நான்தான்.

"அவரு இல்லம்மா."

"லீவா?"

"இல்ல. இல்லவே இல்ல."

இறந்த ஒருவர் தினமும் காலை பத்து மணிக்கு உள்ளே வந்து, உயிரோடு இருக்கும் ஒருவரை இறந்தவர் என்று எழுதிவிட்டுப் போகிறார். விளக்கம் எளிதுதான். தகட்டுக் காலத்திலேயே மலைப் பதிவுகளை ஏற்றும் வேலை அவருடைய பெயரில் ஓடும்படி யாரோ அமைத்திருந்தார்கள், மேடத்தின் இணைப்பும் அதன் வழியாகவே ஓடியது, அந்தப் பெயரை யாரும் நீக்கவில்லை. நீக்குவதற்கான படிவத்தில் பெயருக்கு உரியவரே கையெழுத்திட வேண்டும். அந்தப் படிவத்தை வடிவமைத்தவன் நான். படிவமே இல்லாமல் மேடம் அன்றே அந்தப் பெயரை எடுத்துவிட்டு, வேலையை வேறு பெயரில் ஓட விட்டார். மறுநாள் புதிய பெயர் வந்து அதே சொல்லை எழுதியது. அன்று புதன்கிழமை.

பெஞ்சிலிருந்து அந்த அம்மா சொன்னார்: "பஸ்ஸுல எறங்கி வர்றப்ப அடைக்கற காது, பத்து மணி வாக்குலயும் தெறக்க மாட்டேங்குது சாமி. அப்பத்தான் சாவறனா?"

மலையிலிருந்து இறங்கினால் யாருக்கும் காது அடைக்கும். அதைச் சொல்ல வாயெடுத்தேன், சொல்லவில்லை. மோடம் கூவும்போது அவர் கண்ணை மூடிக்கொள்வதை நான் பார்த்திருந்தேன்.

வியாழக்கிழமை காலை மேடமும் நானும் ஜீப்பில் மலைக்குக் கிளம்பினோம். முதல் பேருந்தில் வந்திறங்கிய அந்த அம்மாவையும் பின்னால் ஏற்றிக்கொண்டோம். கொண்டை ஊசி வளைவுகளில் பனி இன்னும் கலையவில்லை. பத்தடிக்கு அப்பால் சாலை இருக்கிறது என்பதை நம்பித்தான் ஓட்டுநர் ஓட்டினார். நாலைந்து வளைவு தாண்டியதும் பின்னாலிருந்து அவர் குரல் வந்தது.

"மேல ஏற ஏற நல்லா ஆயிடறேன் சாமி. கீழதான் நான் செத்துப் போறேன். மேல இல்ல."

"அதான் ஆயா, மேல போயி இன்னான்னு பாத்துடலாம்" என்றார் மேடம். குரலில் இருந்த கேலி பாதியிலேயே நின்றுவிட்டது.

வெள்ளிமலை அலுவலகம் ஓர் அறை. கணினி, மேசை, எழுத்தர், அவருக்குப் பின்னால் சுவரில் தாள் கிழிக்கும் நாட்காட்டி. அவ்வளவுதான். உள்ளே நுழைந்தபோது எனக்கு ஏதோ இடறியது, என்னவென்று புரியவில்லை. மேடம்தான் நாட்காட்டியின் முன் போய் நின்றார். அது இருபத்திரண்டு நாள் பின்னால் இருந்தது. திரையின் மூலையில் இருந்த தேதியும் அதேதான். போன மாதம்.

"இன்னாங்க, இதக் கிழிக்கவே மாட்டீங்களா?"

"தெனம் ஒண்ணு கிழிச்சிக்கினுதான் மேடம் இருக்கேன்" என்றார் எழுத்தர். "மிஷின்ல இன்னா தேதியோ அதேதான் செவுத்துலயும். இல்லன்னா எனக்குக் கொழம்பிப் போவுது." சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். நான் நாட்காட்டியைப் பார்த்தேன்.

இதை விளக்க வேண்டும். எந்த மனுவையும் ஏழு நாளுக்குள் முடிக்க வேண்டும் என்பது விதி. யாராலும் முடிக்க முடியாது என்பது நடைமுறை. எங்கள் தலைமுறை எழுத்தர்கள் பதிவேட்டில் ஒவ்வொரு நாளின் முடிவிலும் இரண்டு மூன்று வரிகளைக் காலியாக விட்டுவைப்போம். தாமதமாக முடிந்த வேலை பிற்பாடு அந்த வரிகளில் போய் உட்கார்ந்துகொள்ளும், பார்ப்பவருக்கு உரிய நாளில் முடிந்ததாகத் தெரியும். இது தவறு என்று யாரும் நினைத்ததில்லை. அலுவலகம் நடத்துவது என்றால் இதுதான். கணினியில் காலி வரி விட முடியாது. மலை எழுத்தர் இந்தச் சிக்கலை என்னிடம் கொண்டுவந்தபோது, தேதியை அங்கேயே பின்னால் தள்ளிக்கொள்ளுங்கள் என்று சொன்னவன் நான். வாய்மொழியாக. எழுத்தில் தரக்கூடாதவை எவை என்பதிலும் எனக்குத் தேர்ச்சி உண்டு. தேங்கிய மனுக்கள் குறையவேயில்லை. அதனால் அவர் தேதியைத் தள்ளித் தள்ளி, இருபத்திரண்டு நாள் பின்னாலேயே குடியிருக்கத் தொடங்கிவிட்டார். அந்த அறையில் போன மாதம் நடந்துகொண்டிருந்தது. வாசலைத் தாண்டி வெளியே போனால் இந்த மாதம்.

மேடம் நாற்காலியில் உட்கார்ந்து விரல் விட்டு எண்ணினார். கீழே நாங்கள் இறப்பு என்று குறித்து இரண்டு வாரம் ஆகியிருந்தது. மேலே உயிருடன் என்று எழுதப்பட்டதெல்லாம் அதற்கும் முந்திய தேதிகளில்.

"மிஷின் தப்பே பண்ணல சார்" என்றார். "மலையில எழுதற தேதிக்கு இந்தம்மா உயிரோடதான் இருக்காங்க. அதுக்கப்புறம் ஒரு நாள் கீழ செத்துட்டாங்க. ரெண்டுமே சரிதான்னு அது நெனைக்குது. நாம எத்தினி வாட்டி எழுதினாலும், சாவறதுக்கு முன்னாடி இருந்த ஆள்னுதான் எடுத்துக்கும்."

மூன்று வகை இயந்திரங்களை ஒரு கம்பியில் கட்டினோம். அவற்றின் பேச்சை ஒன்றாக்கினோம். அவை எல்லாம் ஒரே நாளில் இருக்கின்றனவா என்று யாரும் கேட்கவில்லை. வாசற்படியில் குந்தியிருந்த அந்த அம்மாவை நான் திரும்பிப் பார்த்தேன். அந்த ஒரு கணம், அவர் உண்மையிலேயே போன மாதத்தில் உட்கார்ந்திருப்பதாகத்தான் எனக்குத் தோன்றியது.

எழுத்தர் ஒரு யோசனை சொன்னார். "சார், இந்தம்மா பதிவுக்கு மட்டும் தேதிய இன்னிக்கு வெச்சிடறேன். எழுதி முடிச்சிட்டுப் பழையபடி தள்ளிக்கிறேன். யாருக்கும் தெரியாது."

மேடம் முடியாது என்று தலையாட்டினார். "ஒரு வாட்டி முன்னால வந்துட்டீங்கன்னா பின்னால போக முடியாதுங்க. அதுக்கப்புறம் பழைய தேதியில எது வந்தாலும் நடுவுல இருக்கற மிஷின் வாங்காது. மணிய இனிமே அதுதான் சொல்லும், மத்த ரெண்டும் அதக் கேட்டுக்கும்." பிறகு என்னைப் பார்த்தார். "இருபத்திரண்டு நாள் ஒரே தாவா தாவும் சார். ஹெட் ஆபீஸ்ல இருந்து கேப்பாங்க."

கேட்பார்கள். எழுத்தர் தேதியைத் தள்ளத் தொடங்கியதிலிருந்து சேர்ந்த ஒன்றரை வருடப் பதிவுகளைப் புரட்டுவார்கள். எந்த மனு உண்மையில் என்றைக்கு முடிந்தது என்று தோண்டுவார்கள். எனக்குப் பதவி உயர்வுப் பட்டியல் தயாராகிக்கொண்டிருந்த சமயம். எழுத்தருக்கு மூன்று பிள்ளைகள் என்பதும் எனக்குத் தெரியும். ஒரு குறிப்பு வைத்து, தலைமைக்கு அனுப்பி, உரிய அனுமதி பெற்றபின் மாற்றலாம் என்று நான் சொல்லியிருக்க முடியும். மிகச் சரியான நடைமுறை அது. பத்து நாள் ஆகும். விசாரணை மறுநாள். வாசலுக்குப் போய் நின்றேன். பனி மேலேறிக்கொண்டிருந்தது. அந்த அம்மா நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தார், ஒன்றும் கேட்கவில்லை. தினமும் கேட்டவர் அன்று கேட்கவில்லை. அதுதான் என்னால் தாங்க முடியாமல் போயிற்று.

"மாத்துங்க மேடம்."

அவர் மாற்றினார். எழுத்தர் நாட்காட்டியில் இருபத்திரண்டு தாளையும் ஒரே பிடியில் கிழித்தார், அது எதிர்பாராத அளவு பெரிய சத்தமாகக் கேட்டது. களவிசாரணைப் பதிவை மறுபடி எழுதினார்கள். இணைப்பைக் கையாலேயே எடுத்தார் மேடம். மோடம் கூவியது. அந்த அம்மா கண்ணை மூடிக்கொண்டார். கீழே தொலைபேசியில் கேட்டோம். எங்கள் பிரிவு எழுத்தர் காகிதத்தைப் பார்த்துப் படித்தார்: உயிருடன்.

நான் ஒரு வெள்ளைத்தாளை எடுத்து, மலை அலுவலகத்தில் தேதி பின்னோக்கி வைக்கப்பட்டது என் வாய்மொழி உத்தரவின்படியே, எழுத்தருக்கு இதில் பொறுப்பில்லை என்று அரைப்பக்கம் எழுதிக் கையெழுத்திட்டேன். எழுத்தர் அதைப் படித்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். மேடம் சின்ன அச்சுப்பொறியில் பதிவின் நகல் எடுத்து அந்த அம்மாவின் கையில் கொடுத்தார். அவர் அதைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

"இதுல இருக்கறனா சாமி?"

"இருக்கீங்கம்மா."

"நாளைக்குப் பத்து மணிக்கு?"

இருப்பீர்கள் என்று சொல்ல வேண்டியதுதான். எல்லா நடைமுறையும் தெரிந்தவன் என்பதால் என்னால் சொல்ல முடியவில்லை.

"இத நம்ப மாட்டேன் சாமி. இது சொன்னதயே சொல்லாது. நீ உங்கையால எழுதிக் குடு."

அப்படி ஒரு சான்று கிடையாது. அதற்குப் படிவம் இல்லை, அதிகாரமும் எனக்கில்லை. எழுதினேன். இன்ன ஊரைச் சேர்ந்த இன்னார் என் எதிரில் உயிரோடு உட்கார்ந்திருக்கிறார், நான் பார்த்தேன் என்று. தேதி போடும் இடத்துக்கு வந்தபோது பேனா தானாக நின்றது, பழக்கம். நிமிர்ந்து மேடத்தைப் பார்த்தேன். "இன்னிக்கு இன்னிக்குத்தான் சார்" என்றார். அன்றைய தேதியைப் போட்டேன்.

வெள்ளிக்கிழமை கொழுந்தனின் மனு தள்ளுபடியானது. அடுத்த மாதம் எனக்கு விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தது. விளக்கம் எழுதுவதில் எனக்கு நிகரில்லை என்றாலும், அந்த முறை ஒரே வரிதான் எழுதினேன். உயர்வு இல்லாமல் அதே நாற்காலியிலிருந்து ஓய்வுபெற்றேன். மேடம் வேறு ஊர்களின் இயந்திரங்களைச் சேர்த்துவைக்கப் போய்விட்டார். அந்த அம்மா அதன்பின் கீழே வரவில்லை. அந்த ஊர்ப் பெண்கள் அவரைப் பேர் சொல்லிக் கூப்பிட்டார்களா என்று நான் விசாரிக்கவில்லை.

இப்போது யார் வேண்டுமானாலும் வீட்டிலிருந்தே அந்தப் பதிவேட்டைப் பார்க்கலாம். கைப்பேசியில் எண்ணைப் போட்டால் போதும். அவருடைய எண் எனக்கு மனப்பாடம். சில நாள் காலையில் பேப்பர் படித்து முடித்ததும் போட்டுப் பார்ப்பேன். நிலம் அவர் பெயரிலேயே இருக்கிறது. வயது, நூற்றுக்கும் மேல் ஒரு எண். நிலை: உயிருடன். கொழுந்தன் மகனோ ஊர்க்காரர்களோ ஏன் இன்னும் மனுப் போடவில்லை என்பது தெரியவில்லை. ஒருமுறை காரியம் செய்து முடித்த ஆளுக்கு இரண்டாவது முறை எப்படிச் சாவு எழுதுவது என்று பயப்படுகிறார்களோ என்னவோ. இப்படிப்பட்ட பதிவைச் சந்தேகத்துக்குரியது என்று தெரிவிக்க ஒரு படிவம் உண்டு. எத்தனை நகல், யாருக்கு, எந்தப் பிரிவின் கீழ் என்பதெல்லாம் எனக்குத் தெரியும். வெள்ளிமலைக்காரர் யாரையாவது வழியில் பார்த்தால் அந்த அம்மாவைப் பற்றி நான் கேட்பதில்லை.